காலை அரை, இரவு அரை

பிப்ரவரியில் ஹாப்சாலுவின் கடல் கெட்டிப்பட்டுக் கிடக்கும்.
மீன்கடை வாசலில், பனிமேல்,
காரணமே இல்லாமல் விழுந்தேன்.
வலது மணிக்கட்டு போயிற்று.
மணிக்கட்டு பெரிதில்லை என்றார்கள்,
விழவைத்தது எதுவென்று பார்க்க வேண்டுமாம்.
இதய மருத்துவர் இரண்டாம் மாடி.
கதவில் உன் பெயர்:
ஹெல்வே ராண்ட்.

திரும்பிப் போயிருக்கலாம்.
நர்ஸ் படிவத்தைக் கையில் திணித்துவிட்டாள்.

எண்பத்தேழு. தாலின். ஏர் ரைஃபிள் இறுதிச் சுற்று.
பத்து மீட்டருக்கு அப்பால் ஒரு புள்ளி,
கடுகில் பாதி.
தோலும் கித்தானும் தைத்த அங்கிக்குள்
முதுகில் வியர்வை வழியும், துடைக்க முடியாது.
வருடக்கணக்காய் நாம் கற்றது ஒன்றுதான்:
இரண்டு துடிப்புக்கு நடுவிலுள்ள இடுக்கில்
ஈயத்தை அனுப்பிவிட வேண்டும்.
என் இதயம் அன்று சந்தைக்குள் புகுந்த நாய்.
உன்னுடையது ஆறவைத்த பால்,
மேலாடைகூட அசையவில்லை.

மூன்று தசமத்தில் நீ.

மேடையில் கை கொடுத்தாய். சில்லென்றிருந்தது.
அந்தச் சில்லிப்பைத்தான் எழுதினேன்
அன்றிரவே, விடுதிக் கழிவறையில் உட்கார்ந்து,
கூட்டமைப்புக்கு, இடது கையால்,
யாரெழுத்தென்று தெரியக் கூடாதே:
"ராண்ட் மாத்திரை போடுகிறாள்.
இதயத்தை மெதுவாக்கும் மாத்திரை."
கீழே பெயரில்லை.

உன் சிறுநீரில் ஒன்றுமில்லையென்று சொல்ல
அவர்களுக்கு ஏழு மாதம் பிடித்தது.
அதற்குள் உலகப் போட்டி வந்து போய்விட்டது.
விமானத்தில் உன் இருக்கையில் நான் இருந்தேன்.
பதினெட்டாவதாக வந்தேன்.
ஊர் திரும்பியபோது அதை யாரும் விசாரிக்கவில்லை.

நீ அந்த ஏழு மாதமும் நூலகத்தில் இருந்தாயாம்.
போடாத மாத்திரை உடம்பை என்ன செய்யும் என்று
தெரிந்துகொள்ளப் போனவள்
திரும்பி வரவேயில்லை.
ரைஃபிள் கழகத்துடையது, கொடுத்துவிட்டாய்.
அங்கியை மட்டும் கொடுக்கவில்லை.
தார்த்துவில் படித்த ஆறு வருடமும்
விறைத்த அதைப் போர்த்திக்கொண்டுதான்
இரவுப் பணி நடுவே தூங்கினாயாம்.
பிணவறையில் முதல் இதயத்தைக் கையில் வாங்கி
"இவ்வளவு கனமா" என்றாயாம்.
எல்லாம் ஒரு வாரப் பத்திரிகையில் வந்தது.
கத்தரித்து வைத்திருக்கிறேன்,
கரண்டிகள் கிடக்கும் இழுப்பறையில்.

"சட்டையைத் தளர்த்துங்கள்" என்றாய்.
தலை நரைத்திருந்தது, தோள் அப்படியே இருந்தது.
ஸ்டெதஸ்கோப்பை வைத்தாய்.
பாதி மூச்சை வெளியே விட்டு, நிறுத்தினாய்.
அந்தப் பாதி மூச்சை எனக்குத் தெரியும்.
அப்போது இடுக்கில் சுட்டவள்
இப்போது அதே இடுக்கில் நின்று கேட்கிறாள்.
என் இதயமோ வெட்கமில்லாமல்
இரண்டு தட்டி, ஒன்றை விழுங்கி, மூன்று தட்டிற்று.

பிறகு படிவத்தை எடுத்தாய்.
மால்லே. பிறந்த வருடம். தெருவின் பெயர்.
எல்லாம் இடது கையால்,
வலதுதான் மாவுக்கட்டுக்குள் இருக்கிறதே.
முப்பத்தாறு வருடம் கழித்தும்
காற்றில் சாய்ந்த வேலி போல அதே எழுத்து.
விசாரணை என்றால் கடிதத்தைக் காட்டாமலா இருந்திருப்பார்கள்?

நீ பார்த்துக்கொண்டே இருந்தாய். நான் எண்ணினேன்.
ஐந்து. ஆறு. ஏழு.
எட்டு விநாடிக்கு மேல் குறிபார்த்தால் தசை பொய் சொல்லும்.
அப்போது சுடக் கூடாது, இறக்கிவிட வேண்டும்.
எனக்குக் கடைசிவரை வராத பாடம் அது.
ஏந்திய பிறகு, விரல் வளைந்த பிறகு,
அரங்கமே காத்திருக்க,
சுடாமல் இறக்குவது.

இறக்கினாய்.
பேனாவை எடுத்தாய்.
"இந்த மாத்திரை" என்றாயா
"அந்த மாத்திரை" என்றாயா,
காதில் சரியாக விழவில்லை.
"காலை அரை. இரவு அரை.
கை சில்லென்று ஆகும்.
பயப்பட ஒன்றுமில்லை."